சித்தார்த்தனை இரண்டு முறை மொழிபெயர்த்த கதை

2020 ஏப்ரல். ஊரடங்கு. நான் திருச்சியில் ஒரு டிராக்டர் உதிரிபாகக் கடையில் கணக்கு எழுதுகிறவன். கடை பூட்டிக் கிடந்தது, சம்பளம் பாதிதான் வந்தது, நேரம் மட்டும் முழுசாக இருந்தது. அலமாரியைத் தூசி தட்டியபோது எப்போதோ பழைய புத்தகக் கடையில் 40 ரூபாய்க்கு வாங்கிய ஜெர்மன் எழுத்தாளர் ஹெர்மன் ஹெஸ்ஸேயின் 'சித்தார்த்தா' நாவல், ஆங்கிலப் பதிப்பு, கையில் விழுந்தது. புத்தர் காலத்துப் பிராமண இளைஞன் ஒருவனின் கதை, இந்தச் சித்தார்த்தன் புத்தர் இல்லை. இரண்டாம் நாளே ஒரு லாங் சைஸ் நோட்டை எடுத்து முதல் வரியைத் தமிழில் எழுதிப் பார்த்தேன். பிடித்துக்கொண்டது. தினமும் ஒரு பக்கம், சில நாள் அரைப் பக்கம். 2021 மே மாதம் முடித்தேன். 13 மாதம், நான்கு நோட்டு. அந்த நான்கு நோட்டிலிருந்து ஒரு வரிகூட இன்று அச்சில் இல்லை. நான் தடுக்கி விழுந்த இடங்களில் ஒன்றையாவது யாராவது முன்கூட்டியே சொல்லியிருந்தால் இரண்டு வருடமும் கணிசமான பணமும் மிஞ்சியிருக்கும். மொழிபெயர்ப்பு ஆசை உள்ளவர்கள் என்னைப் போலத் தனியாக உட்கார்ந்துதான் வேலை செய்கிறார்கள் என்பதால் நடந்ததை அப்படியே எழுதிவைக்கிறேன்.

முதலில் ஒரு கேள்வியை முடித்துவிடுகிறேன், ஏனென்றால் எல்லோரும் கேட்டார்கள். இந்த நாவலைத் திருலோக சீதாராம் ஏற்கெனவே தமிழுக்குக் கொண்டுவந்துவிட்டாரே, நீ எதற்கு? தெரியும். கல்லூரியில் அதைப் படித்துத்தான் ஹெஸ்ஸே பக்கமே வந்தேன். என் காரணம் ஒன்றும் உயர்வானது இல்லை. பிடித்த பாட்டை நாமும் பாடிப் பார்ப்போமே என்கிற ஆசை, அவ்வளவுதான். ஆனால் நீங்கள் தொடங்கும் முன் தமிழில் அது ஏற்கெனவே வந்திருக்கிறதா என்று ரோஜா முத்தையா நூலகம் போன்ற இடத்தில் ஒரு முறை விசாரித்துவிடுங்கள். இருந்தால் நிறுத்த வேண்டும் என்பதில்லை. நாளைக்குப் பதிப்பாளர் இதே கேள்வியைக் கேட்கும்போது விழிக்காமல் இருக்கலாம்.

நோட்டு முடிந்ததும் முன்னுரை எழுதினேன். அதில்தான் முதல் அசட்டுத்தனம். "இந்தியாவெங்கும் அலைந்து திரிந்து, அந்த அனுபவத்தில் ஹெஸ்ஸே எழுதிய நாவல்" என்று பெருமையாகத் தொடங்கியிருந்தேன். பின்னட்டையிலோ வேறெங்கோ மேலோட்டமாகப் படித்தது மனதில் அப்படி உருமாறியிருந்தது. உண்மை என்னவென்றால், ஹெஸ்ஸே இந்திய மண்ணில் ஒரு நாள்கூட ஊர் சுற்றவில்லை. 1911இல் ஹான்ஸ் ஸ்டுர்ட்ஸனேகர் என்ற ஓவியருடன் கப்பல் ஏறினார். பினாங்கு, சிங்கப்பூர், சுமாத்ரா, இலங்கை. கண்டிக்குப் போனார், பிதுருதலாகல மலையில் ஏறினார். வெயிலும் வயிற்றுப்போக்கும் சேர்ந்து ஆளைப் படுத்திவிட்டன. அம்மா பிறந்த மலபாரைப் பார்க்காமலேயே திரும்பிவிட்டார். ஆனாலும் அந்தப் பயணத்தைப் பற்றி 1913இல் வந்த புத்தகத்துக்குப் பெயர் 'இந்தியாவிலிருந்து'!

இந்தியா அவருக்கு வீட்டுக்குள்ளேயே கிடைத்திருந்தது. அம்மாவழித் தாத்தா ஹெர்மன் குண்டர்ட் ஒரு ஜெர்மன் மிஷனரி, மலையாள அகராதியை 1872இல் வெளியிட்ட அதே குண்டர்ட். 1836இல் சென்னைக்கு வந்து, திருநெல்வேலிப் பக்கம் இருந்து, முதலில் தமிழ் கற்றவர். பிறகுதான் தலச்சேரி, மலையாளம் எல்லாம். ஹெஸ்ஸேயின் அம்மா மரீ 1842இல் தலச்சேரியில் பிறந்தவர். அப்பா யோஹன்னஸும் இந்தியாவில் மிஷன் வேலை பார்த்துவிட்டு உடல்நிலை சரியில்லாமல் திரும்பியவர். 1877இல் தென்மேற்கு ஜெர்மனியில் நாகோல்ட் ஆற்றங்கரை ஊரான கால்வில் ஹெஸ்ஸே பிறந்தபோது, அந்த வீட்டில் கேரளம் ஏற்கெனவே குடியிருந்தது. இதெல்லாம் தெரிந்த பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை ரயில் ஏறித் தலச்சேரி போய், இல்லிக்குன்னில் குண்டர்ட் வாழ்ந்த பங்களாவின் முன் நின்றுவிட்டு வந்தேன். மொழிபெயர்ப்புக்கு ஒரு பைசா பிரயோஜனம் இல்லை. போனதில் வருத்தமும் இல்லை.

சரி, கதைக்கு வருகிறேன். 2021 ஜூனில் சென்னைப் பதிப்பகம் ஒன்றுக்கு இரண்டு அத்தியாயங்களை அனுப்பினேன். பதிப்பாளர் நல்ல மனிதர், இரண்டே நாளில் போன் செய்தார். "நடை நல்லாருக்கு சார். உரிமை வாங்கிட்டீங்களா?" எனக்கு ஒன்றும் புரியவில்லை. "நூறு வருசத்துக்கு முந்தின புத்தகம் சார்" என்றேன். 'சித்தார்த்தா' 1922இல் வந்தது, நான் சொன்னது ஏறக்குறைய சரிதான். ஆனால் கணக்கு புத்தகத்தின் வயதை வைத்து இல்லை. இந்தியச் சட்டப்படி எழுத்தாளர் இறந்த ஆண்டுக்கு அடுத்த ஜனவரியிலிருந்து 60 ஆண்டு எண்ண வேண்டும். ஹெஸ்ஸே இறந்தது 1962 ஆகஸ்ட் 9. அப்படியென்றால் 2022 டிசம்பர் 31 வரை பதிப்புரிமை உயிரோடு இருக்கிறது. கணக்கு எழுதியே பிழைக்கிறவன் போடாத கணக்கு இது. ஊரடங்கின் முதல் வாரத்தில் ஐந்து நிமிடம் ஒதுக்கியிருந்தால் தெரிந்திருக்கும்.

"ஒன்றரை வருசம்தானே, காத்திருப்போம்" என்று நினைத்தேன். அந்த ஒன்றரை வருடத்தில் நோட்டைத் தொடவே இல்லை என்பதுதான் வேடிக்கை. திருத்தலாம், ஒப்பிடலாம், ஜெர்மன் மூலத்தைத் தேடிப் பார்க்கலாம் என்று ஒன்றுமே தோன்றவில்லை. முடிந்துபோன வேலை என்று மனம் மூடிவிட்டது. 2022 முடிவதற்குள் அந்தப் பதிப்பாளர் மொழிபெயர்ப்பு நூல்களையே குறைத்துவிட்டார், காகித விலை அப்படி. நானே போட்டுவிடுவது என்று 2023 ஜனவரி 2ஆம் தேதி, கடை திறந்த முதல் நாளே, மதிய இடைவேளையில் அச்சகத்துக்குப் போனேன். டிடிபி 3,800 ரூபாய், அட்டை வடிவமைப்பு 4,000, காகிதத்துக்கும் அச்சுக்கும் முன்பணம் 20,000. மனைவியிடம் 10,000 என்று சொல்லியிருந்தேன். அதையும் இங்கேயே ஒப்புக்கொள்கிறேன்.

மெய்ப்புப் பார்க்க எங்கள் தெருவில் ஓய்வு பெற்ற ரேஞ்சர் சார் ஒருவர் கிடைத்தார். 30 வருடம் காட்டிலேயே வேலை பார்த்தவர், தமிழில் கரை கண்டவர். ஐந்தாம் நாள் முதல் பக்கத்தைக் கையில் வைத்துக்கொண்டே வந்தார். முதல் வாக்கியத்தில் ஒரு வார்த்தையைப் பென்சிலால் வட்டமிட்டிருந்தார். 'வில்லோ மரத் தோப்பின் நிழலில்'.

"தம்பி, இது கிரிக்கெட் மட்டை செய்ற மரம்ல?"

"ஆமா சார்."

"புத்தர் பொறந்தது எந்த மரத்தடியிலன்னு சொல்லுவாங்க?"

"சால மரம்."

"உசிரு விட்டது?"

"ரெண்டு சால மரத்துக்கு நடுவுல."

"அப்ப புத்தர் காலத்துக் கதையில மொதல் வரியிலயே இது எதுக்கு வந்து நிக்குது?"

ஆங்கிலப் புத்தகத்தைத் திறந்து காட்டினேன். அதில் 'சாலோ' என்று இருந்தது. அகராதியில் சாலோ என்றால் ஒரு வகை வில்லோ என்று பார்த்துத்தான் எழுதினேன். அன்று இரவு ஜெர்மன் மூலத்தை முதல் முறையாகத் தேடினேன். புராஜெக்ட் குட்டன்பெர்க்கில் இலவசமாகவே கிடைத்தது, அத்தனை வருடமும் அங்கேதான் இருந்திருக்கிறது. எனக்கு அப்போது ஒரு ஜெர்மன் சொல்கூடத் தெரியாது, ஆனால் எழுத்துக்கூட்டிப் படிக்க முடிந்தது. 'சால்வால்ட்'. வால்ட் என்றால் காடு என்று அகராதி சொன்னது. சால வனம்! ஹெஸ்ஸே சரியாகத்தான் எழுதியிருக்கிறார். வழியில் மரம் மாறிவிட்டது. அதே வாக்கியத்தில் சித்தார்த்தனை 'இளம் ராஜாளி' என்றும் சொல்கிறார். நான் வைத்திருந்த ஆங்கிலத்தில் பறவையே இல்லை, பறந்துவிட்டது. வால்மீகியில் ராமன் துளைத்த ஏழு சால மரங்கள் கம்பனில் ஏழு மராமரங்கள். இந்த மரத்துக்கு நம்மிடம் எப்போதோ பெயர் இருந்திருக்கிறது. அதைவிட்டு நான் மட்டை செய்கிற மரத்தை நட்டிருக்கிறேன். அந்த ஆங்கில மொழிபெயர்ப்பாளரைக் குறை சொல்ல எனக்கு வாய் இல்லை. இது எங்கள் மரம், கவனித்திருக்க வேண்டியவன் நான்.

அடியின் இரண்டாம் பாதி மறுநாள் விழுந்தது. ரேஞ்சர் சார் ஆங்கிலப் புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்கும்போது அதன் உரிமைப் பக்கத்தில் விரலை வைத்திருந்தார். "மொழிபெயர்ப்புக்குன்னு தனியா உரிமை போட்டுருக்கானே தம்பி, 1951ன்னு. ஹெஸ்ஸே செத்துட்டார், சரி. இவங்க?" எனக்கு வயிற்றைக் கலக்கியது. மொழிபெயர்ப்பு ஒரு தனிப் படைப்பு, அதற்குத் தனி உரிமை. ஹெஸ்ஸேயின் ஜெர்மன் வாக்கியம் 2023இல் இந்தியாவில் பொதுச் சொத்து ஆகிவிட்டது உண்மை. ஆனால் நான் ஹெஸ்ஸேயை மொழிபெயர்க்கவே இல்லை. அவரை ஒருவர் ஆங்கிலத்தில் சொன்னதை மொழிபெயர்த்திருக்கிறேன். அந்த ஆங்கில வாக்கியங்களுக்கு இன்னும் சொந்தக்காரர்கள் இருக்கிறார்கள்.

இந்த இடத்தில் கொஞ்சம் நின்று படியுங்கள். பெரும்பாலும் ஆங்கிலம் வழியாகத்தான் நாம் உலக இலக்கியத்தைக் கொண்டுவருகிறோம், அதனால் இந்தக் குழியில் விழ எல்லோருக்கும் வாய்ப்பு உண்டு. புத்தகத்தைக் கையில் எடுத்ததும் மூன்று விஷயங்களை ஒரு தாளில் எழுதுங்கள். மூல ஆசிரியர் இறந்த ஆண்டு. உங்கள் கையில் இருப்பது மூலமா, மொழிபெயர்ப்பா. மொழிபெயர்ப்பு என்றால், அதைச் செய்தவர் யார், அவர் இருக்கிறாரா, இறந்திருந்தால் எப்போது. மூன்றாவதற்குப் பதில் கிடைக்கவில்லை என்றால் உரிமை இருக்கிறது என்றே வைத்துக்கொண்டு கடிதம் போடுங்கள். நமக்காக மட்டும் நோட்டில் எழுதிப் பழகுவதை யாரும் கேட்கப்போவதில்லை. வெளியிடும்போதுதான் வம்பு. உரிமைப் பக்கத்தைப் போட்டோ எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். முக்கியமாக, எழுத்துபூர்வமான பதில் வரும்வரை அச்சகத்துக்கு முன்பணம் கொடுக்காதீர்கள். டிடிபி செலவு போனால் சில ஆயிரம், காகிதம் வாங்கிவிட்டால் அது வேறு கணக்கு.

நானும் கடிதம் போட்டேன். மூன்று மாதம் கழித்து இரண்டு வரியில் பதில் வந்தது, அந்த ஆங்கிலப் பதிப்பை வைத்து வேறு மொழியில் வெளியிட அனுமதி தருவதில்லை என்று. மரியாதையாகத்தான் எழுதியிருந்தார்கள். அச்சகத்தில் காகிதத்தை வேறு வேலைக்கு எடுத்துக்கொண்டு 8,000 திருப்பிக் கொடுத்தார்கள். 19,800 ரூபாய் போயிற்று. பணத்தைவிட அந்த நான்கு நோட்டைப் பார்க்கத்தான் முடியவில்லை. பரணில் போட்டேன். "என்னங்க, புக்கு என்னாச்சு?" என்று வீட்டில் கேட்டபோது அச்சகத்தில் தாமதம் என்று இரண்டு மாதம் ஓட்டினேன். கடையில் கணக்குக் கூட்டும்போது திடீரென்று நினைப்பு வரும், காது சூடாகும். வெட்கம்தான் அது.

அந்த நாட்களில் நாவலைத் தொடவில்லை, ஹெஸ்ஸேயின் வாழ்க்கையை மட்டும் படித்துக்கொண்டிருந்தேன். 'சித்தார்த்தா' அவருக்கே பாதியில் நின்றுபோன புத்தகம் என்று அப்போதுதான் தெரிந்தது. 1919இல் குடும்பம் சிதறி, தனி ஆளாகத் தெற்கு சுவிட்சர்லாந்தில் மோன்டஞோலா கிராமத்துக்கு வந்து, காஸா கமூட்சி என்ற பழைய மாளிகையில் சில அறைகளை வாடகைக்கு எடுத்தார். அந்தக் குளிர்காலத்தில் நாவலைத் தொடங்கினார். துறவிகளோடு சுற்றும் இளைஞனை எழுத முடிந்தது. எல்லாவற்றையும் கடந்து அமைதி அடைந்தவனை எழுத வந்ததும் பேனா நின்றுவிட்டது, அந்த அமைதி அவரிடமே இல்லை. ஏறக்குறைய ஒன்றரை வருடம் அப்படியே கிடந்தது. இடையில் 1921இல் உளவியலாளர் யுங்கிடம் மனப்பகுப்பாய்வுக்குப் போனார். 1922இல்தான் முடித்தார். முதல் பகுதியைப் பிரெஞ்சு எழுத்தாளர் ரொமெய்ன் ரோலந்துக்கும், இரண்டாம் பகுதியை ஜப்பானில் இருந்த உறவுச் சகோதரர் வில்ஹெல்ம் குண்டர்ட்டுக்கும் அர்ப்பணித்தார். இவ்வளவுக்கும் நடுவே ஜெர்மன் மார்க்கின் மதிப்பு சரிந்துகொண்டே போக, அங்கிருந்து வந்த நூல் வருமானம் சுவிட்சர்லாந்தில் செல்லாக் காசானது. தன் கவிதைகளைக் கையால் எழுதி, வாட்டர்கலர் படம் வரைந்து விற்றிருக்கிறார். அவர் கஷ்டத்தை என் 19,800 ரூபாயோடு சேர்த்துப் பேசுவது அதிகம்தான். ஆனாலும் மனிதருக்கு ஆறுதல் எங்கிருந்தாவது வரத்தானே வேண்டும்.

2023 ஆகஸ்டில் ஆன்லைனில் ஜெர்மன் வகுப்பில் சேர்ந்தேன். வயது 47. வகுப்பில் மற்ற எல்லோரும் நர்சிங் முடித்துவிட்டு ஜெர்மனிக்கு வேலைக்குப் போகக் காத்திருந்த பிள்ளைகள். "அங்கிள், நீங்க எதுக்குப் படிக்கிறீங்க?" என்று கேட்டார்கள். ஒரு கதைப் புத்தகத்துக்காக என்றதும் கொஞ்ச நேரம் யாரும் மைக்கை ஆன் செய்யவில்லை. ஏ1 என்ற தொடக்க நிலை முதல் பி1 என்ற இடைநிலை வரை 14 மாதம், மொத்தம் 46,000 ரூபாய். இந்தத் தடவை வீட்டில் சரியான தொகையைச் சொன்னேன். பி1 முடித்தால் இலக்கியம் படித்துவிடலாம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். ஆனால் 'சித்தார்த்தா' ஒரு விதிவிலக்கு. சொற்கள் எளியவை, வாக்கியங்கள் மந்திரம் போலத் திரும்பத் திரும்ப வரும், ஒரு பக்கத்தைத் தாண்டிவிட்டால் அடுத்த பக்கத்தில் பாதிச் சொற்கள் தெரிந்தவை. ஹெஸ்ஸேயின் இன்னொரு நாவலான 'ஸ்டெப்பன்வுல்ஃப்' பக்கம் போய்ப் பார்த்தேன், நான்கு பக்கத்தில் திரும்பி வந்துவிட்டேன். அவருடைய 'கண்ணாடி மணி விளையாட்டு' நாவல் எனக்கு இந்த ஜென்மத்தில் கிடையாது.

எழுத்து இலக்கணம் எட்டினாலும் காது எட்டாது என்பது அடுத்த சிக்கல். அதற்கு எனக்கு வாய்த்தவர் யாழ்ப்பாணத்து நண்பன் ஒருவனின் அக்கா. 35 வருடமாக ஸ்டுட்கார்ட்டில் இருக்கிறார். கால்வ் அங்கிருந்து பக்கம்தான். "நான் உந்த இலக்கியமெல்லாம் படிக்கேல்லத் தம்பி, ஆனா அவையள் எப்பிடிக் கதைப்பினம் எண்டு சொல்லுவன்" என்றார். அதுதான் எனக்கு வேண்டியிருந்தது. ஞாயிறுதோறும் அரை மணி நேரம் வாட்ஸ்அப்பில் படித்துக் காட்டுவேன். உங்களுக்கும் அப்படி ஒருவர் வேண்டும். பேராசிரியர் கிடைத்தால் சந்தோஷம், ஆனால் அந்த மொழியில் காய்கறி வாங்கிப் பழகியவர் கட்டாயம் வேண்டும்.

நாவலில் ஒரு இடம். வணிகன் காமசாமியிடம் வேலை கேட்டுப் போகிறான் சித்தார்த்தன். உனக்கு என்ன தெரியும் என்று கேட்டால் மூன்றே வாக்கியம் சொல்கிறான். சிந்திக்கத் தெரியும், காத்திருக்கத் தெரியும், மூன்றாவதாக 'ஃபாஸ்டன்'. முதல் தடவை 'உபவாசம்' என்று போட்டிருந்தேன். அக்கா சொன்னார், இங்கே மருத்துவமனையில் ரத்தப் பரிசோதனைக்குச் சாப்பிடாமல் வா என்று சொல்லவும் இதே சொல்தான் என்று. அப்படியென்றால் உபவாசம் பக்திமணம் கூடிப்போகிறது. நோன்பும் அப்படியே. 'பட்டினி கிடக்கத் தெரியும்' என்றால் தமிழில் அது தெரிகிற விஷயம் இல்லை, நேர்கிற விஷயம். இதை வைத்துக்கொண்டு இரண்டு வாரம் சுற்றினேன். கடைசியில் 'சாப்பிடாமல் இருக்கத் தெரியும்' என்று எழுதினேன். ரேஞ்சர் சாருக்கு இது பிடிக்கவில்லை, 'பசி தாங்கத் தெரியும்' என்பதுதான் வேலை கேட்கிறவன் வாயில் வருகிற தமிழ் என்றார். அவர் சொன்னதுதான் அச்சில் இருக்கிறது.

இதைவிடப் பெரிய வம்பு 'ஸமானா'. வீட்டை விட்டுப் போன சித்தார்த்தன் சேரும் துறவிக் கூட்டத்துக்கு ஹெஸ்ஸே வைத்திருக்கும் பெயர் இது, பழைய பௌத்த நூல்களின் பாலி மொழியில் 'சமண'. பழைய நோட்டில் பாய்ந்து விழுந்து 'சமணர்கள்' என்று எழுதிவைத்திருந்தேன். தமிழ் வாசகனுக்குச் சமணர் என்றால் மகாவீரர் வழி வந்தவர்கள், சித்தன்னவாசல், சமணர் படுகை. ஹெஸ்ஸே சொல்வது பொதுவாக வேத வழிக்கு வெளியே தவம் செய்து திரிந்தவர்களை. ஒலி ஒன்று, ஆள் வேறு. 'சிரமணர்' என்று மாற்றினேன். நேர்மாறாக ஒன்று தானாகவே வீடு திரும்பியது. புத்தரை ஹெஸ்ஸே 'எர்ஹாபன' என்கிறார், உயர்ந்தவர் என்று பொருள். 'மேன்மைமிக்கவர்' என்று போட்டிருந்தேன், மேடைப் பேச்சு மாதிரி இருந்தது. பிறகுதான் தெரிந்தது, ஜெர்மன் பௌத்த அறிஞர்கள் பாலி நூல்களில் வரும் 'பகவா' என்ற சொல்லுக்கு வைத்த சொல் இது. அப்புறம் என்ன, 'பகவன்'. குறளின் முதல் பாட்டிலேயே நமக்கு வாய்த்த சொல். வெளிநாட்டு ஆசிரியர் நம் பக்கத்து விஷயத்தை எழுதியிருந்தால், அவர் சொல்லை மட்டும் பார்க்காமல் அது எந்தச் சொல்லிலிருந்து அவரிடம் வந்தது என்று ஒரு படி பின்னால் போய்ப் பாருங்கள்.

அப்புறம் நீ, நீங்கள். ஆங்கிலத்தில் எல்லாம் ஒரே சொல் என்பதால் முதல் தடவை என் இஷ்டத்துக்குப் போட்டேன். ஜெர்மனில் இரண்டு உண்டு. சித்தார்த்தன் அப்பாவிடம் பேசுவது நெருக்கமான 'டு'. அதைத் தமிழில் 'நீ' என்று எழுதினால் வேறு அர்த்தம் வந்துவிடும். பிராமண வீட்டில் அப்பாவிடம், அதுவும் துறவு போக அனுமதி கேட்டு இரவு முழுவதும் அசையாமல் நிற்கிறவன், 'நீங்கள்' என்றுதான் பேசுவான். இங்கே அகராதியைக் கேட்கவில்லை, வீட்டு வழக்கத்தைக் கேட்டேன்.

அந்தக் காட்சியை இரண்டாம் முறை மொழிபெயர்த்தபோது கை தானாக மெதுவானது. ஏனென்றால் இதற்குள் மௌல்பிரோன் பற்றிப் படித்திருந்தேன். 14 வயதில், 1892 மார்ச்சில், ஹெஸ்ஸே மௌல்பிரோன் மடத்துப் பள்ளியிலிருந்து ஓடிப்போனார். மறுநாள் பிடித்து வந்தார்கள். அதன் பிறகு அந்தப் பையனுக்கு நல்ல காலமே இல்லை, சாகவும் முயன்றான். ஷ்டெட்டனில் ஒரு காப்பகத்தில் விட்டார்கள். அங்கிருந்து சொந்த அப்பாவுக்குக் கடிதம் எழுதுகிறான். 'அப்பா' என்று இல்லை, 'மதிப்புக்குரிய ஐயா' என்று. முன்பின் தெரியாத அதிகாரிக்கு எழுதுகிற விளி, கூடவே 'நீங்கள்'. 'டு' என்று சொல்ல உரிமை இருந்தும் அதை அவன் எடுத்துக்கொள்ளவில்லை. முப்பது வருடம் கழித்து எழுதிய நாவலில் மகன் அப்பாவிடம் 'டு' போட்டு, முறையாக அனுமதி வாங்கிக்கொண்டு கிளம்புகிறான். கிழவனான பிறகு அவன் மகனே அவனைத் திட்டிவிட்டு, சொல்லாமல் ஓடிப்போகிறான். என் தமிழில் அந்த 'டு' தொலைந்துவிட்டது, அதை ஈடுகட்ட எனக்கு இன்னும் வழி தெரியவில்லை. அடிக்குறிப்புப் போடலாம் என்று அக்கா சொன்னார். அழும் இடத்தில் அடிக்குறிப்பா என்று விட்டுவிட்டேன்.

பணம் பற்றி இன்னொன்று. ஜெர்மன் நூல்களை வேறு மொழியில் வெளியிட, ஜெர்மன் பண்பாட்டு நிறுவனமான கோத்தே இன்ஸ்டிட்யூட் மொழிபெயர்ப்பு உதவித்தொகை தருகிறது. இது எனக்கு மிகத் தாமதமாகத்தான் தெரிந்தது. விண்ணப்பிக்க வேண்டியது பதிப்பகம், தனி ஆள் இல்லை. அதனால் சொந்தமாக அச்சிடுவது என்று அவசரப்படும் முன் உங்களோடு சேர்ந்து நிற்க ஒரு சின்னப் பதிப்பகமாவது இருக்கிறதா என்று பாருங்கள். அச்சான பிறகு இதைப் பற்றி யோசித்துப் பயன் இல்லை.

புத்தகம் 2025 டிசம்பரில் வந்தது. 300 பிரதி, சின்னப் பதிப்பகம் ஒன்றோடு செலவைப் பாதி பாதி பகிர்ந்துகொண்டேன். மின்னூலும் போடலாம் என்றபோது கடைசிப் பாடம் காத்திருந்தது. எந்தெந்த நாடுகளில் விற்க வேண்டும் என்று ஒரு நீளமான பட்டியல் வரும், எல்லாவற்றையும் டிக் செய்துவிடத்தான் கை போகும். செய்யாதீர்கள். இந்தியாவில் 60 ஆண்டு. ஜெர்மனி, சுவிட்சர்லாந்து, பிரிட்டன், சிங்கப்பூர், இலங்கை இங்கெல்லாம் 70. அங்கே ஹெஸ்ஸே 2032 டிசம்பர் 31 வரை உரிமைக்காரர்களின் சொத்து. மலேசியாவிலும் கனடாவிலும் 50 ஆண்டுக் கணக்கில் 2013லேயே விடுபட்டுவிட்டார். அமெரிக்காவில் 1922இல் வெளியான நூல் என்பதால் தடை இல்லை. டொராண்டோத் தமிழர் படிக்கலாம், கொழும்புத் தமிழருக்குக் கிடையாது. நாஜிக்கள் காலத்தில் 'கண்ணாடி மணி விளையாட்டு' ஜெர்மனியில் வெளிவர முடியாமல் 1943இல் சூரிச்சில்தான் வந்தது. மூன்று வருடத்தில் அவருக்கு நோபல் பரிசு. தேசங்களின் எல்லையால் அவர் புத்தகம் தடுக்கப்படுவது புதிதில்லை, ஆனால் இந்தத் தடவை தடுக்கிற பெட்டியில் டிக்கை எடுத்தவன் நான்.

ஸ்டுட்கார்ட் அக்காவுக்கு நன்றி சொல்லி முன்னுரையில் நான்கு வரி எழுதியிருக்கிறேன். அவர் இருக்கும் நாட்டில் அவருக்கு நான் மின்னூலாக விற்க முடியாது. அவர் தம்பிக்கும் அப்படியே. யாழ்ப்பாணத்திலிருந்து போன் செய்தான்.

"மச்சான், கூட்டாளிமாருக்கு 25 புத்தகம் வேணும். கடையில போடலாமோ?"

"2033 ஜனவரி வரைக்கும் பொறு."

"விசரா உனக்கு? அதுக்கிடையில நான் அக்காவிட்டப் போய் ஜெர்மனே படிச்சிடுவன்."